சேலத்தில் பிறந்த ஜேம்ஸ் பாண்ட்: ஜெய்சங்கர் 'சி.ஐ.டி.' ஆன கதை

நாமக்கல்லில் இருந்து துறையூர் போகும் சாலையில், கொல்லிமலை ஒரு பக்கம் கூடவே வரும். அந்த வழியில் இருக்கிறது எருமப்பட்டி. அங்கே டீக்கடையில் உட்கார்ந்திருக்கும் எழுபது வயசுக்காரர் யாரிடமாவது ஜேம்ஸ் பாண்ட் யாருன்னு கேட்டுப் பாருங்கள். ஷான் கானரி என்றோ டேனியல் கிரெய்க் என்றோ பதில் வருவது சந்தேகம்தான். ஜெய்சங்கர் என்று வர வாய்ப்பு அதிகம்.

சும்மா சொல்லவில்லை. அதற்குக் காரணம் இருக்கிறது. தமிழ் சினிமாவின் துப்பறியும் ஹீரோ கோட் சூட் போட்டுக்கொண்டு, கையில் துப்பாக்கியோடு முதலில் ஓடத் தொடங்கியது சென்னையில் அல்ல. எருமப்பட்டியில் இருந்து பஸ்ஸில் இரண்டு மணி நேரத்தில் போய்விடக்கூடிய சேலத்தில். அன்றைக்கு நாமக்கல்லே சேலம் மாவட்டத்துக்குள்தான் இருந்தது. தனி மாவட்டமானது 1997-ல்.

இன்ஸ்டாவில் மீம் டெம்ப்ளேட்டாக மட்டும் ஜெய்சங்கரைப் பார்த்த தலைமுறைக்கு அவர் ஒரு கறுப்பு வெள்ளை காமெடி. ஒட்டு மீசை, சுழலும் சுவர், கண் சிமிட்டும் சிவப்பு பல்பு, மறைவிடத்தில் ஒரு வில்லன். சிரிப்பு வரத்தான் செய்யும். ஆனால் அந்த மனிதர் ஏன் அந்தப் படங்களில் நடித்தார், யாருக்காக நடித்தார், அது அவருக்கு என்ன கொடுத்தது, அவரிடம் இருந்து என்ன எடுத்துக்கொண்டது என்பது வேறு கதை.

முதலில், பாண்ட் எங்கிருந்து வந்தார்?

இயன் ஃப்ளெமிங் தன் முதல் பாண்ட் நாவலை வெளியிட்டது 1953-ல். அதே ஆண்டு டிசம்பரில்தான் அமெரிக்காவில் ஹ்யூ ஹெஃப்னரின் பிளேபாய் இதழ், மர்லின் மன்றோவின் படத்தோடு வெளிவந்தது. இரண்டும் ஒரே ஆண்டில் பிறந்தது தற்செயல்தான். ஆனால் இரண்டும் விற்ற கனவு கிட்டத்தட்ட ஒன்று: நல்ல உடை, நல்ல கார், கையில் கோப்பை, பக்கத்தில் அழகி. 1960-ல் ஃப்ளெமிங்கின் பாண்ட் சிறுகதை ஒன்று பிளேபாயிலேயே வந்தது. பிறகு நாவல்கள் அங்கே தொடராகவும் வந்தன.

1962 அக்டோபரில் லண்டனில் முதல் பாண்ட் படமான டாக்டர் நோ திரைக்கு வந்தது. அதே அக்டோபர் மாத பிளேபாயில் லிட்டில் ஆனி ஃபேனி என்ற சித்திரக்கதை தொடங்கியது. எழுதியவர் ஹார்வி கர்ட்ஸ்மன். 1952-ல் மேட் இதழைத் தொடங்கிய அதே நையாண்டி மன்னன். வில் எல்டர் ஒவ்வொரு கட்டத்தையும் தனி ஓவியம் போலத் தீட்டினார். பழைய அனாதைச் சிறுமி சித்திரக்கதை ஒன்றைக் கிண்டலடித்துப் பிறந்த ஆனி, காலண்டர் அழகி போல இருப்பாள். அவளைச் சுற்றி நடக்கும் உலகம்தான் கேலிக்கு இலக்கு. உளவாளிகளும், பாண்டும்கூட அதில் தப்பவில்லை. பாண்டை ரசித்துக்கொண்டே பாண்டைக் கேலி செய்யும் பழக்கம் அப்படித்தான் ஆண்களுக்கான இதழ்களில் இருந்து ஊரெல்லாம் பரவியது. 1965-ல் அமெரிக்க டி.வி.யில் கெட் ஸ்மார்ட் வந்தது. ஐரோப்பாவில் மலிவு விலை பாண்ட் படங்கள் வரிசை கட்டின.

பிளேபாய் இதழை இந்தியாவுக்குள் கொண்டுவரவே தடை. கப்பலில் வந்தவர் பெட்டிக்குள் ஒளித்து எடுத்துவந்தால்தான் உண்டு. ஆனால் அந்தக் கனவுக்கு பாஸ்போர்ட் தேவைப்படவில்லை. ஆங்கிலப் படம் ஓடும் தியேட்டர் வழியாக, போஸ்டர் வழியாக, மொழிபெயர்ப்பு நாவல் வழியாக அது வந்து சேர்ந்தது. வந்து இறங்கிய இடங்களில் ஒன்று, ஏற்காடு அடிவாரம்.

மயிலாப்பூரில் படித்த ஷங்கர்

ஜெய்சங்கர் பிறந்தது 1938 ஜூலை 12. இயற்பெயர் சங்கர். மயிலாப்பூர் பி.எஸ். உயர்நிலைப் பள்ளியில் படிப்பு, சென்னை நியூ காலேஜில் பட்டம். அந்தக் காலத்து சினிமா ஹீரோக்களில் பெரும்பாலோர் சிறு வயதிலேயே பாய்ஸ் கம்பெனி நாடகங்களில் வளர்ந்தவர்கள். எம்.ஜி.ஆரும் சிவாஜியும் அந்தப் பள்ளியின் பட்டதாரிகள். ஜெய்சங்கர் வந்தது வேறு வழி. காலேஜ் படித்துவிட்டு, மாலையில் சபா நாடகம் போடும் கூட்டத்தில் ஒருவர். சோ நடத்திய விவேகா ஃபைன் ஆர்ட்ஸில் சின்னச் சின்ன வேடங்கள் செய்தார். பிறகு கூத்தபிரானின் குழுவில் நடித்தார்.

இந்த வித்தியாசம் முக்கியம். பாய்ஸ் கம்பெனி நடிகரின் உடம்பிலும் குரலிலும் மேடை இருக்கும். வசனம் பேசினால் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டும். ஜெய்சங்கரிடம் அது கிடையாது. பக்கத்து வீட்டு ஆபீஸ் போகிற பையன் மாதிரி நிற்பார், நடப்பார், பேசுவார். இடுங்கிய சின்னக் கண். அதை வைத்தே பின்னாளில் எத்தனையோ மிமிக்ரி கலைஞர்கள் பிழைத்தார்கள். ஹீரோவுக்கான கண் இல்லை என்று சொல்லக்கூடிய முகத்தைத்தான் ஜோசப் தளியத் தேர்ந்தெடுத்தார். படம், இரவும் பகலும். சங்கர் என்ற பெயருக்கு முன்னால் ஜெய் சேர்ந்ததும் அப்போதுதான்.

படம் வெளியான நாள் 1965 ஜனவரி 14, பொங்கல். அதே நாளில் எம்.ஜி.ஆரின் எங்க வீட்டுப் பிள்ளை. அதே நாளில் சிவாஜியின் பழநி. புதுமுகத்துக்கு இதைவிட மோசமான தேதி கிடைக்காது. எங்க வீட்டுப் பிள்ளை தமிழ் சினிமாவின் மாபெரும் வெற்றிகளில் ஒன்றானது. இருந்தும் இந்தப் புதுப்பையன் நசுங்கவில்லை. அந்த ஒரே ஆண்டில் பஞ்சவர்ணக் கிளி, நீ, எங்க வீட்டுப் பெண், குழந்தையும் தெய்வமும் என்று படங்கள் வரிசையாக வந்தன. குழந்தையும் தெய்வமும் ஏ.வி.எம். தயாரிப்பு, தேசிய விருதும் வாங்கியது. நீ படத்தில் ஜோடி ஜெயலலிதா.

ஒரே வருடத்தில் ஐந்து படம் என்றால், ஒன்று தெரிகிறது. இவரை வைத்துப் படம் எடுப்பது சுலபம்.

ஏன் சேலம்?

இங்கே கொஞ்சம் பின்னால் போக வேண்டும். திருச்செங்கோட்டில் 1907-ல் பிறந்த டி.ஆர். சுந்தரம், இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்தவர். அங்கிருந்து ஆங்கிலேயப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டு திரும்பி வந்தார். ஜவுளி ஆலை வைப்பார் என்று ஊர் நினைத்திருக்கும். அவர் வைத்தது சினிமா ஸ்டுடியோ. சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் தொடங்கியது 1930-களின் நடுவில்.

மலையாளத்தின் முதல் பேசும் படமான பாலன் 1938-ல் அங்கிருந்துதான் வந்தது. தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமான அலிபாபாவும் 40 திருடர்களும் 1956-ல் அங்கே தயாரானது. கருணாநிதி வசனம் எழுதிய மந்திரிகுமாரி, அவர்கள் தயாரிப்பு. 1952-ல் ஹாலிவுட்காரர்களோடு சேர்ந்து ஜங்கிள் என்று ஓர் ஆங்கிலப் படமும் எடுத்தார்கள். எல்லாம் சேலத்துக்காரர் ஒருவர் பஞ்சு ஆலை நடத்துவது போல சினிமா ஆலை நடத்தியதால் நடந்தது. சம்பளம், நேரம், ஒப்பந்தம் எல்லாவற்றிலும் கறார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் அந்த நிறுவனத்தின் கணக்கில் உண்டு.

1963 ஆகஸ்டில் சுந்தரம் இறந்துபோனார். நிறுவனம் மகன் ராமசுந்தரத்திடம் வந்தது. ஆர். சுந்தரம் என்ற பெயரில் இயக்கியவரும் அவரே. அப்போது நிலைமை மாறிவிட்டிருந்தது. பெரிய ஸ்டார்கள் எல்லாம் சென்னையில். கோடம்பாக்கத்தில் காலையில் ஒரு ஷூட்டிங், மாலையில் இன்னொன்று என்று ஓடுகிறவர்கள் சேலத்துக்கு வந்து வாரக்கணக்கில் தங்க மாட்டார்கள். வந்தாலும் கேட்கிற சம்பளத்தைக் கொடுத்தால் படத்துக்கு மிச்சம் இருக்காது.

ஆகவே ஸ்டுடியோவுக்கு ஒரு ஹீரோ தேவைப்பட்டார். சம்பளம் கட்டுப்படியாக வேண்டும், சொன்ன நேரத்துக்கு வர வேண்டும், சண்டை போட வேண்டும், பேன்ட் ஷர்ட்டில் பார்க்க லட்சணமாக இருக்க வேண்டும். அதே சமயம் ஒரு வகைக் கதையும் தேவைப்பட்டது. கோட்டை, அரண்மனை, நூறு துணை நடிகர்கள் இல்லாமல், ஒரு வீடு, ஒரு கார், ஒரு மறைவிடம், ஒரு டான்ஸ் ஹாலை வைத்தே எடுத்து முடிக்கிற கதை.

இரண்டுக்கும் ஒரே பதில் கிடைத்தது. ஜெய்சங்கர், உளவுப் படம்.

1966: வல்லவன் வருகிறான்

1966-ல் மாடர்ன் தியேட்டர்ஸின் இரு வல்லவர்கள் வந்தது. ஜெய்சங்கரோடு ஆர்.எஸ். மனோகர். அதே ஆண்டு வல்லவன் ஒருவன் வந்தது. தமிழில் பாண்ட் பாணி என்று நாம் இன்றைக்குச் சொல்லும் அச்சு அதில்தான் உறுதியாக விழுந்தது என்பது என் கணிப்பு.

வல்லவன் ஒருவன் படத்தின் மூலம், பாங்காக்கில் நடக்கும் ஒரு பிரெஞ்சு உளவுப் படம். 1964-ல் வந்தது. அதன் ஹீரோ ஓ.எஸ்.எஸ். 117. பாண்டைக் காப்பியடித்துப் பிறந்தவர் என்று நினைக்க வேண்டாம். ழான் புரூஸ் என்ற பிரெஞ்சு எழுத்தாளர் 1949-லேயே அந்தப் பாத்திரத்தை உருவாக்கிவிட்டார், பாண்டுக்கு நான்கு வருடம் முன்னால். ஆனால் சினிமாவில் அவர் பிரபலமானது பாண்ட் அலையில்தான். ஆக, லண்டன் படம் ஹிட் ஆனதும் பாரிஸில் ஒரு படம், அதைப் பார்த்து சேலத்தில் ஒரு படம். இன்றைக்கு ஒரு கொரியப் படம் எத்தனை கை மாறி நம்மிடம் வருகிறதோ அதே கதைதான்.

பட்ஜெட் வித்தியாசத்தை யோசித்துப் பாருங்கள். பாண்டுக்கு ஜமைக்கா கடற்கரை, இஸ்தான்புல், சுவிஸ் மலை. ஜெய்சங்கருக்கு ஏற்காடு மலைப்பாதையின் வளைவுகளும், ஸ்டுடியோ தளத்தில் போட்ட செட்டும். பாண்டுக்கு ஏவுகணை வைத்த கார். இவருக்கு சாதாரண கார், ஆனால் ஓட்டும்போது முகத்தில் அவ்வளவு நம்பிக்கை. அந்த நம்பிக்கைதான் பட்ஜெட்டில் விழுந்த ஓட்டையை அடைத்தது. நம்ப முடியாத ஒன்றை நடிகர் நம்பிச் செய்கிறார், பார்ப்பவரும் இரண்டரை மணி நேரம் நம்புகிறார். வேண்டுமென்றே செய்த பகடி கிடையாது. ஆனால் பொய் என்று இரு தரப்புக்கும் தெரிந்த ஒரு விளையாட்டு அது. கிராமத்தில் தெருக்கூத்து பார்க்கிறவருக்கு இது புதிதல்ல.

இசையிலும் இந்தச் சிக்கனம் உண்டு. இசையமைப்பாளர் வேதாவுக்கு அபாரமான திறமை. ஆனால் மாடர்ன் தியேட்டர்ஸ் அவரிடம் பெரும்பாலும் கேட்டது, ஹிட்டான இந்தி மெட்டுகளைத் தமிழுக்குக் கொண்டுவருவதை. அவர் அதைச் செய்த விதத்தில், மூலப் பாட்டைக் கேட்ட பிறகும் தமிழ்ப் பாட்டே ஒரு படி மேல் என்று வாதாடுகிற ரசிகர்கள் இன்றும் உண்டு. பின்னணி இசையில் பித்தளைக் கருவிகள் அலற, கித்தார் துள்ளும். ஸ்பாட்டிஃபையில் தேடிப் பாருங்கள், இப்போதும் செம கெத்தாக இருக்கும்.

படங்கள் சேலம், கோவை, மதுரை என்று ஏரியா ஏரியாவாக விற்றன. பெரிய நகரத்தில் ஓடி முடிந்ததும் சின்ன ஊர்களுக்குப் பெட்டி போகும். கீற்றுக் கொட்டகையில், மணல் தரையில் உட்கார்ந்து, இடைவேளைக்கு நடுவிலும் இரண்டு இடைவேளை விட்டுப் பார்க்கும் டூரிங் டாக்கீஸ் காலம். மாட்டு வண்டியில் தட்டி கட்டி, மைக்கில் படத்தின் பெயரைக் கூவி, நோட்டீஸ் வீசிக்கொண்டு போவார்கள். அந்த நோட்டீஸில் துப்பாக்கியோடு ஜெய்சங்கர் ஒரு மூலையில். நடுவில் யார் என்று சொல்லத் தேவையில்லை. டான்ஸ் ஆடும் பெண்.

கிளப் டான்ஸும் கறுப்பு மையும்

இந்த இடத்தை வேகமாகத் தாண்டிப் போகக் கூடாது.

பாண்ட் கதையில் அழகி ஒரே ஆள். கவர்ச்சியும் அவளே, கதாநாயகியும் அவளே. அதைத் தமிழுக்குக் கொண்டுவந்தபோது நம்மவர்கள் அவளை இரண்டாகப் பிரித்தார்கள். ஒருத்தி, புடவை கட்டிய ஹீரோயின். அவளைத்தான் சி.ஐ.டி. கடைசியில் கல்யாணம் செய்துகொள்வார். இன்னொருத்தி, வில்லனின் கிளப்பில் ஆடும் பெண். கேமரா அவளைத்தான் மேலும் கீழும் பார்க்கும். போஸ்டரும் அவளைத்தான் காட்டும். கதை மட்டும் அவளைக் கைவிட்டுவிடும். பல படங்களில் ஹீரோவுக்கு ஒரு ரகசியத்தைச் சொல்ல வாயெடுக்கும்போது அவள் சுடப்பட்டுச் சாவாள். டிக்கெட் வாங்க வைத்தது அவள். வணக்கம் போடும்போது பிரேமில் இருக்க மாட்டாள்.

நம் ஹீரோ குடிக்க மாட்டார், குடித்தாலும் குடிப்பது போல நடிப்பார். பெண்கள் அவரைச் சுற்றி வருவார்கள், அவர் கண்ணியமாக நழுவுவார். பிளேபாய் வாசகனுக்கு விற்ற கனவை, குடும்பத்தோடு வருகிறவனுக்கும் விற்க வேண்டும் என்றால் வேறு வழி இல்லை. இந்த இரட்டை வேலையில் ஜெய்சங்கர் கெட்டிக்காரர். அவரிடம் ஒரு விளையாட்டுத்தனம் இருந்தது. ஆபாசமாகத் தெரியாமல் குறும்பாக நிற்க அவரால் முடிந்தது. செட்டில் யாரைப் பார்த்தாலும் ஹாய் என்று கை தூக்கும் அவருடைய பழக்கம் ஊரறிந்தது. அந்த ஹாய்தான் திரையிலும் இருந்தது.

பெண்களுக்கு அந்த வசதி இல்லை. விஜயலலிதா வல்லவன் ஒருவனில் ஆடினார். பிறகு தெலுங்கில் சவுக்கும் துப்பாக்கியுமாக ஆக்‌ஷன் ஹீரோயினாகவே படங்களைச் சுமந்தார். தமிழில் அவரைப் பெரும்பாலும் ஆடத்தான் விட்டார்கள்.

1970-ல் சி.ஐ.டி. சங்கர் வந்தது. மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பு, ஆர். சுந்தரம் இயக்கம். இந்த முறை ஹீரோவின் சொந்தப் பெயரே படத்தின் பெயரில். இதில் நாயகியாக வந்தவர் ஏ. சகுந்தலா. சேலத்துப் பெண், நடனக் கலைஞர். படம் ஓடியது. படத்தின் பெயரில் இருந்த சி.ஐ.டி. ஜெய்சங்கரிடம் ஒட்டவில்லை, சகுந்தலாவின் பெயருக்கு முன்னால் போய் ஒட்டிக்கொண்டது. அதன் பிறகு அவர் சி.ஐ.டி. சகுந்தலா.

இதே காலண்டர் அழகி விவகாரம் காமிக்ஸிலும் பிற்பாடு நடந்தது. 1984-ல் ராணி காமிக்ஸ் தொடங்கியபோது முதல் இதழே ஜேம்ஸ் பாண்ட். லண்டன் தினசரி ஒன்றில் 1958 முதல் வந்த சித்திரத் தொடரின் தமிழ் வடிவம். அதே 1984-ல் சிவகாசியில் இருந்து லயன் காமிக்ஸ் தொடங்கியதும் ஒரு பெண் உளவாளியோடு, மாடஸ்டி பிளைசி. மூலத்தில் நீச்சல் உடையிலோ அதைவிடக் குறைவாகவோ நின்ற பெண்களுக்கு, தமிழ்ப் பதிப்பில் கறுப்பு மையால் உடை போட்டுவிடுவார்கள். பழைய இதழ் சேர்த்து வைத்திருப்பவர்கள் இதை இன்றும் சிரித்துக்கொண்டே காட்டுவார்கள். சினிமா அவளை இரண்டாகப் பிரித்தது, காமிக்ஸ் அவள் மேல் மை பூசியது. வாங்குகிறவனின் ஆசையும் வேண்டும், அவன் வீட்டாரின் சம்மதமும் வேண்டும் என்றால் இப்படித்தான் ஆகும்.

வெள்ளிக்கிழமை ஹீரோ

புதுப் படம் வெளியாவது வெள்ளிக்கிழமை. எந்த வெள்ளிக்கிழமை தியேட்டருக்குப் போனாலும் ஜெய்சங்கர் படம் ஒன்று வந்திருக்கும் என்கிற நிலை. அதனால் வெள்ளிக்கிழமை ஹீரோ என்றே பெயர் வந்துவிட்டது. தென்னகத்து ஜேம்ஸ் பாண்ட், மக்கள் கலைஞர் என்று பட்டங்கள் வேறு.

வெள்ளிக்கிழமை ஹீரோ என்பதில் கொஞ்சம் கேலியும் உண்டு. ஆனால் அன்றைய தொழிலை நினைத்துப் பாருங்கள். எம்.ஜி.ஆர்., சிவாஜி கால்ஷீட் கிடைக்கப் பெரிய தயாரிப்பாளர்களே வருடக்கணக்கில் காத்திருந்த நேரம். கையில் கொஞ்சம் பணம் வைத்துக்கொண்டு, கடன் கொஞ்சம் வாங்கிக்கொண்டு, படம் எடுக்க வந்த சின்னத் தயாரிப்பாளர் என்ன செய்வார்? அவருக்கு ஜெய்சங்கர் இருந்தார். படம் குறித்த நாளில் முடியும், வட்டி ஏறாது, போட்ட காசு ஓரளவு திரும்பும். லைட்பாயில் இருந்து விநியோகஸ்தர் வரை எத்தனையோ குடும்பங்களின் அடுப்பு அந்த வெள்ளிக்கிழமைகளை நம்பி எரிந்தது. இன்றைக்கு ஓ.டி.டி. விலை போகாமல் பெட்டிக்குள் தூங்கும் சின்னப் படங்களைப் பார்க்கும்போது, அப்படி ஒருவர் இப்போது இல்லையே என்று தோன்றும்.

வகை ஜெயித்தால் பெரியவர்கள் வராமல் இருப்பார்களா? 1968-ல் எம்.ஜி.ஆர். ரகசிய போலீஸ் 115 ஆனார், வண்ணத்தில். 1969-ல் சிவாஜி தங்கச் சுரங்கத்தில் சி.ஐ.டி. ஆனார், அதுவும் வண்ணத்தில். தெலுங்கில் கிருஷ்ணா 1966-லேயே ஏஜென்ட் 116 ஆகிவிட்டார். அது இந்திக்குப் போய் ஜிதேந்திராவைத் தூக்கிவிட்டது. கன்னடத்தில் ராஜ்குமார் 1968-ல் சி.ஐ.டி. 999. ஜெய்சங்கர் மட்டும் கறுப்பு வெள்ளையிலேயே ஓடிக்கொண்டிருந்தார். 1972-ல் மாடர்ன் தியேட்டர்ஸுக்காக கருந்தேள் கண்ணாயிரம்.

அதே காலத்தில் ஒளிப்பதிவாளர் கர்ணன் இயக்கத்தில் காலம் வெல்லும், கங்கா, ஜக்கம்மா என்று குதிரை, தொப்பி, துப்பாக்கிப் படங்கள். இந்தப் பக்கம் அமெரிக்க மேற்கத்தியப் படம் வந்து இறங்கியபோதும், அதைத் தோளில் சுமக்க முதலில் கூப்பிட்டது இவரைத்தான். எந்த வெளிநாட்டுச் சரக்காக இருந்தாலும் தமிழ் உடம்பில் போட்டுப் பார்க்க ஒரு ஆள் வேண்டுமே!

நடிக்கத் தெரியாதா என்ன?

இந்தக் கேள்விக்கு ஒரு படம் போதும். 1971-ல் வந்த கே. பாலசந்தரின் நூற்றுக்கு நூறு. கணிதப் பேராசிரியர் ஒருவர் மீது மூன்று மாணவிகள் தவறாக நடந்துகொண்டதாகப் புகார் சொல்கிறார்கள். அவர் தன்னை நிரூபிக்க வேண்டும். துப்பாக்கி கிடையாது, ஒட்டு மீசை கிடையாது. கண்ணியமான மனிதன் என்ற பெயர் ஒரே நாளில் நொறுங்கும்போது ஒருவன் எப்படி நிற்பான் என்பதை, மிகையே இல்லாமல் செய்திருப்பார். அந்தச் சின்னக் கண் அங்கே வேறு வேலை செய்யும். பார்க்காதவர்கள் யூடியூபில் பார்த்துவிடுங்கள். 1968-ல் வந்த ஜீவனாம்சம், பட்டணத்தில் பூதம் போன்ற ஜாலி படங்கள், வீட்டுக்கு வீடு போன்ற காமெடி எல்லாம் தனிக் கணக்கு.

ஆனால் சந்தையில் அவர் விலை சி.ஐ.டி.க்குத்தான். வருடத்துக்கு இத்தனை படம் என்று ஓடும்போது நூற்றுக்கு நூறு மாதிரி ஒன்று மாட்டுவதே அதிசயம். மலிவாகவும் வேகமாகவும் கிடைக்கிற நடிகரிடம், யாரும் காத்திருந்து ஒரு பெரிய கதையை எழுதிக் கொடுக்க மாட்டார்கள். சின்னத் தயாரிப்பாளர்களுக்கு வரமாக இருந்த குணமே அவரைக் கட்டியும் போட்டது.

வில்லன் நாற்காலி

1977-ல் காயத்ரி வந்தது. சுஜாதாவின் நாவல். தன் மனைவியின் அந்தரங்கத்தை ரகசியமாகப் படம் பிடித்து விற்கும் கணவன், அந்தப் பெண்ணைக் காப்பாற்ற முயலும் நல்லவன். நல்லவன் ஜெய்சங்கர். கணவனாக வந்தது, சினிமாவுக்கு வந்து இரண்டே வருடம் ஆன ரஜினிகாந்த். இவ்வளவு வருடம் கிளப் டான்ஸ் காட்டிய தமிழ் சினிமா, அதைப் பார்க்கிற கண்ணையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிய படம் என்று இதைச் சொல்லலாம். அதில் ஜெய்சங்கர் இருந்தது பொருத்தம்.

மூன்றே வருடம். 1980 டிசம்பரில் ஏ.வி.எம்.மின் முரட்டுக்காளை. இயக்கம் எஸ்.பி. முத்துராமன். இப்போது ஹீரோ ரஜினி, வில்லன் ஜெய்சங்கர். காயத்ரியின் நாற்காலிகள் அப்படியே இடம் மாறிவிட்டன.

பதினைந்து வருடம் ஹீரோவாகவே போஸ்டரில் நின்றவர், இன்னொருவரிடம் அடிவாங்கும் வேடத்துக்கு ஒப்புக்கொள்வது சாதாரண விஷயமல்ல. அன்றைக்கு வில்லன் என்றால் அப்படியே வில்லன்தான், திரும்பி வர வழி கிடையாது. இன்று விஜய் சேதுபதி போல இரண்டு பக்கமும் போய்வரும் வசதி அப்போது யாருக்கும் இல்லை. ஆனால் மாற்று என்ன? வாய்ப்புக்காகக் காத்திருந்து வீட்டில் உட்கார்ந்து மறைந்துபோன ஹீரோக்கள் பட்டியல் நீளம். ஜெய்சங்கர் வேலையைத் தேர்ந்தெடுத்தார். படம் பிரமாதமாக ஓடியது. அடுத்த பத்தாண்டுக்கு அவருக்கு ஓய்வே இல்லை. அபூர்வ சகோதரர்களில் கமலுக்கு எதிரே நிற்கும் வில்லன் கூட்டத்தில் ஒருவர். 1991-ல் தளபதியில் ஸ்ரீவித்யாவின் கணவராக, கலெக்டர் மகனைப் பெற்ற அமைதியான அப்பாவாக வந்தார். முன்பு துள்ளிக்கொண்டிருந்த மனிதரா இவர் என்று பார்க்கிறவர்களுக்கு வியப்பு.

திரைக்கு வெளியே, ஆதரவற்ற குழந்தைகள், முதியவர்கள் இருக்கும் இல்லங்களுக்கு அவர் தொடர்ந்து உதவிக்கொண்டிருந்தார். கட்சி மேடை ஏறி அதை ஓட்டாக மாற்றும் வேலை அவரிடம் இல்லை. மக்கள் கலைஞர் என்று பட்டம் வாங்கியும் அரசியலில் இறங்காத ஆள் தமிழ் சினிமாவில் அபூர்வம்தானே?

2000 ஜூன் 3-ம் தேதி சென்னையில் மாரடைப்பால் இறந்தார். 61 வயது.

பிறகு

2010-ல் சிம்புதேவன் இரும்புக்கோட்டை முரட்டு சிங்கம் என்று ஒரு படம் எடுத்தார். குதிரை, தொப்பி, புதையல் என்று அந்தக் காலப் படங்களையும் காமிக்ஸையும் பகடி செய்யும் படம். அதில் கதை நடக்கும் ஊரின் பெயர் ஜெய்சங்கர்புரம். லயன், முத்து காமிக்ஸ் படித்து வளர்ந்த தலைமுறை வைத்த நினைவுச் சின்னம் அது. அரசு சிலையைவிட இது அவருக்குப் பிடித்திருக்கும் என்று எனக்குத் தோன்றும்.

மாடர்ன் தியேட்டர்ஸ் இப்போது இல்லை. தளங்கள் போய், அந்த இடத்தில் வீடுகள் வந்துவிட்டன. சேலம் - ஏற்காடு சாலையில் முகப்பு வளைவு மட்டும் நிற்கிறது. வார இறுதியில் பைக் எடுத்துக்கொண்டு ஏற்காடு போகிறவர்கள் அதன் பக்கத்தில்தான் தாண்டிப் போகிறீர்கள். சிலர் நிறுத்தி செல்ஃபி எடுக்கிறார்கள்.

சகுந்தலா பிறகு எத்தனையோ படங்களில் நடித்தார், டி.வி. தொடர்களிலும் வந்தார். 2024 செப்டம்பரில் அவர் காலமானார். அன்றைக்கு வந்த செய்திகளில் அவருடைய பெயர் சி.ஐ.டி. சகுந்தலா என்றே இருந்தது. அந்தப் படம் வந்து 54 வருடம் ஆகியிருந்தது.